மாஃபாத்துக்கு ரோடு போட்டால் என்ன?

காரைக்கால் மாப்பிள்ளை:
ஊரிலிருந்து நம் ரெயூனியன் தீவுக்கு வந்திருக்கும் மச்சானை, மாஃபாத் பள்ளத்தாக்கை மேலிருந்து பார்க்கும் மாயிதோ முனைக்குக் கூட்டிப் போனேன். 2,200 மீட்டர் உயரம், காலையில் சீக்கிரம் போனால்தான் மேகம் மூடுவதற்குள் பள்ளத்தாக்கு தெரியும் என்பது இங்கே உள்ளவர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. அடியில் நாலைந்து தகரக் கூரைகள் மின்னின. "கீழே ஆள் இருக்கா?" என்றார். இருக்கிறார்கள் என்றேன். எப்படிப் போவார்கள்? நடந்து. சாமான்? ஹெலிகாப்டரில். மனிதர் நம்பவே இல்லை. நம் ஊர்ப்பக்கம் வயலுக்கு நடுவில் இருக்கிற குக்கிராமத்துக்குக்கூட தார் ரோடு வந்துவிட்டது, யூரோ புழங்குகிற பிரெஞ்சு மண்ணில் 800 பேருக்கு ரோடு இல்லையா என்று இறங்கும்வரை கேட்டுக்கொண்டே வந்தார்.

கேள்வி நியாயமாகத்தான் படுகிறது. கடலுக்குள் தூண் இறக்கி 5.4 கிலோமீட்டர் பாலம் கட்டி 2022ல் திறந்துவிட்டவர்களுக்கு ஒரு மலைச்சாலை போட முடியாதா? உங்கள் கருத்து என்ன? அப்புறம் இன்னொன்று, மச்சானுக்கு உள்ளே ஓர் இரவு தங்க ஆசை. வயது ஐம்பதைத் தாண்டியவர், முட்டி கொஞ்சம் தகராறு. எந்தப் பக்கமாகப் போனால் சுலபம்?

நடைக்கோல்:
ரோடு விஷயத்தை மற்றவர்கள் சொல்லட்டும், முட்டிக்கு நான் சொல்கிறேன்.

மாயிதோவிலிருந்து உள்ளே ரோஷ் பிளாத் ஊருக்கு இறங்கும் பாதையை மறந்துவிடுங்கள். ஒரே மூச்சில் ஆயிரம் மீட்டர் இறக்கம், மறுநாள் அதே ஆயிரம் மீட்டர் ஏற்றம், முட்டி மிஞ்சாது. பக்கத்துப் பள்ளத்தாக்கான சலாசி வழியாக மேலே போய் பெத்தி கொல் நிறுத்துமிடத்தில் காரை விடுங்கள் (காவல் உண்டு, காசு கேட்பார்கள், கொடுத்துவிடுவது நல்லது). அங்கிருந்து கொல் தே பெ கணவாய் ஏறி, தமரேன் மரங்கள் நிற்கும் சமவெளி வழியாக லா நுவேல் ஊர். ரெண்டு மணி நேரம் என்று போட்டிருப்பார்கள், மச்சானோடு மூன்று என்று வைத்துக்கொள்ளுங்கள். சமவெளி அழகு, ஆனால் மழை பெய்திருந்தால் சேறு கணுக்காலுக்கு மேல் வரும். நகரத்துச் செருப்போடு வருகிறவர்களைப் பார்த்தால் எனக்குப் பாவமாகவும் இருக்கும், கோபமாகவும் இருக்கும்.

சிலாவோஸிலிருந்து தைபி கணவாய் ஏறி மார்லாவில் இறங்குவதும் உண்டு, அது அடுத்த தடவைக்கு. காடு போட்ட குப்பையெல்லாம் காட்டுக்கு, நீங்கள் போட்டது உங்கள் பைக்குள். உள்ளே சேர்கிற குப்பையும் ஹெலிகாப்டரில்தான் வெளியே வர வேண்டும், ஞாபகம் இருக்கட்டும்.

கரும்புக்காடு:
ரோடு எதற்கு? 800 பேருக்காக ஹெலிகாப்டர், 800 பேருக்காக ஆங்காங்கே பள்ளிக்கூடம், மருந்தகம், சூரிய மின்தகடு. எல்லாம் நம் வரிப்பணம். அவர்கள் அங்கே இருக்க ஆசைப்பட்டார்கள், இருக்கட்டும், செலவையும் அவர்களே பார்க்கட்டும். நான் சேன் லெ மேட்டில் இருக்கிறேன், என் வீட்டுக்குப் போகும் பாதையே குண்டும் குழியுமாகத்தான் கிடக்கிறது.

ஓய்வு இஞ்சினியர்:
வேலையில் இருந்த காலம் முழுக்க இந்தத் தீவின் சாலைகளோடு கட்டிப் புரண்டவன் என்பதால் கொஞ்சம் விளக்கமாகச் சொல்கிறேன்.

கடல்பாலத்தையும் மாஃபாத்தையும் ஒப்பிடாதீர்கள். கடலடியில் தூணை எங்கே ஊன்றுகிறோம் என்பது கணக்கில் வரும். இங்கே மாஃபாத், சலாசி, சிலாவோஸ் என்ற மூன்று பள்ளத்தாக்குகளும் பித்தோன் தே நேழ் என்ற பழைய எரிமலை இடிந்தும் அரித்தும் உண்டானவை, இன்னும் இடிந்துகொண்டிருப்பவை. சுற்றிலும் நிற்கும் மதில் போன்ற சரிவுகள் ஒரு பெருமழைக்கு அப்புறம் ஊறிய அவல்தான். 1875 நவம்பரில் சலாசியில் கிராண்ட் சாப்ல் என்ற இடத்தில் மலையே சரிந்து 60க்கும் மேற்பட்டவர்களை மூடியது. மாஃபாத்திலேயே ஒரு காலத்தில் கந்தக வெந்நீர் ஊற்று இருந்தது, கடற்கரைப் பணக்காரர்கள் பல்லக்கில் போய்க் குளித்துவிட்டு வந்த இடம். 1913ல் சரிந்த மண்ணோடு அதுவும் போயிற்று. 1980 ஜனவரியில் இயாசேந்த் புயல் வந்தபோது கொமர்சோன் பக்கம் பதினைந்து நாளில் 6,000 மில்லிமீட்டருக்கு மேல் மழை. நம் ஊரில் ஐந்தாறு வருடம் சேர்த்துப் பெய்கிற மழை அது.

சிலாவோஸுக்கு 1932ல் ரோடு போட்டார்கள். நானூறு வளைவு என்று பெயர். போட்டது பெரிதல்ல, இன்றுவரை அதைத் திறந்து வைத்திருப்பதுதான் பெரிது. ஒவ்வொரு மழைக்காலத்திலும் கல் விழும், மூடுவார்கள், வலை கட்டுவார்கள், திறப்பார்கள், மறுபடி விழும். கொல் தே பெ பக்கம் போகும் வனச்சாலையே எத்தனை தடவை மூடிக் கிடந்திருக்கிறது என்று நடைக்கோலைக் கேளுங்கள். அதையும் தாண்டி உள்ளே ரோடு என்றால், பத்துப் பன்னிரண்டு இலே (மலைமேட்டுக் குக்கிராமங்கள்) இருக்கின்றன, நடுநடுவே ஆழமான ஓடை. எந்த இலேக்குப் போடுவீர்கள், எதை விடுவீர்கள்?

முடியாது என்று நான் சொல்லவில்லை. காசு கொட்டினால் எதுவும் முடியும்.

சௌசௌக்கொடி:
இஞ்சினியர் ஐயா சொல்வதெல்லாம் சரி. ஆனால் ரோடு இல்லாததற்கு மண் மட்டுமே காரணம் என்று நினைத்துவிடக் கூடாது. நான் சலாசிக்காரி, எங்கள் சின்ன நாத்தனாரை லா நுவேலில் கொடுத்திருக்கிறோம், அதனால் உள்ளே நடப்பது கொஞ்சம் தெரியும்.

முதலில் அங்கே போனவர்கள் ஆசைப்பட்டுப் போகவில்லை, கரும்புக்காடு அண்ணா. கடற்கரைத் தோட்டங்களிலிருந்து தப்பி ஓடிய அடிமைகள், பிடிக்க வருகிறவன் ஏற முடியாத இடம் தேடிப் போனார்கள். அந்தப் பள்ளத்தாக்கே அப்படி ஓடிய ஒரு தலைவனின் பெயரில்தான் இருக்கிறது. அவனை முஸார் என்ற வேட்டைக்காரன் 1751ல் கொன்றான். அடிமைமுறை 1848 டிசம்பர் 20ஆம் தேதி ஒழிந்த பிறகு, நிலம் இல்லாத ஏழை வெள்ளைக்காரர்களும் விடுதலையானவர்களும் மேலே போய்க் காட்டைத் திருத்திச் சோளமும் அவரையும் போட்டார்கள். அப்புறம் வனத்துறை வந்தது. மண் அரிக்கிறது, நீங்கள் மரம் வெட்டுகிறீர்கள், கீழே இறங்குங்கள் என்றது. அரிப்பைத் தடுக்கச் சவுக்கு நட்டார்கள், உள்ளே கயென் ஊர்ப் பக்கம் போனால் இன்றைக்கும் காலடியில் சவுக்கு முள்தான். ரொம்ப வருடம், இந்த ஜனங்கள் போய்விட்டால் நல்லது என்பதுதான் மேலிடத்து எண்ணம். அப்படி நினைக்கிறவன் ரோடா போடுவான்?

இப்போது கதை தலைகீழ். 2007ல் தேசியப் பூங்கா, 2010ல் யுனெஸ்கோ பட்டியல், உலகமெல்லாம் வந்து பார்க்கிறது. ரோடு இல்லை என்பதுதான் அந்த இடத்தின் விலையே. இருக்கிற ஜனங்களும் அதை வைத்துத்தான் பிழைக்கிறார்கள், நாத்தனார் வீட்டிலும் எட்டுக் கட்டில் போட்டு நடைக்காரர்களைத் தங்க வைக்கிறார்கள். ரோடு வந்தால் ஆள் காலையில் வந்து படம் எடுத்துவிட்டு மத்தியானம் போய்விடுவான், ராத்திரி யார் தங்குவார்கள் என்று அவர் கேட்பதில் நியாயம் இருக்கிறது.

அவர்கள் வாய் திறந்து கேட்பது ரோடு இல்லை, நிலம். வீடு அவர்களுடையது, மண் அவர்களுடையது இல்லை. நிலம் தெப்பார்த்மோன் (மாவட்ட நிர்வாகம்) சொத்து, பார்த்துக்கொள்வது வனத்துறை, குடியிருக்கிறவர் குத்தகைப் பணம் கட்ட வேண்டும். பாட்டனும் பூட்டனும் பிறந்து செத்த இடத்தில் ஓர் அறை கூட்டிக் கட்ட வேண்டும் என்றாலும் காகிதத்தோடு அலைய வேண்டும். நிலத்தை வைத்து வங்கியில் கடன் வாங்கவும் வழியில்லை. மாயிதோவில் நின்று கீழே பார்க்கும்போது இதெல்லாம் தெரியாது.

கரும்புக்காடு:
தங்கச்சி, வரலாறு எனக்கும் தெரியும். நம் பாட்டன்களும் ஆசைப்பட்டா கப்பல் ஏறினார்கள்? அவர்களுக்கு யார் ஹெலிகாப்டர் விட்டது? பரிதாபம் வேறு, கணக்கு வேறு.

சௌசௌக்கொடி:
கணக்கே பேசலாம் அண்ணா. உங்கள் சேன் லெ மேட்டில் கரும்புக்குப் பாயும் தண்ணீர் எங்கிருந்து வருகிறது? கிழக்கே கொட்டுகிற மழையைச் சுரங்கம் வெட்டி மேற்கே திருப்பியிருக்கிறார்கள், சலாசி ஆறும் மாஃபாத்தின் கலே ஆறும் அதில்தான் சேர்கின்றன. அந்தத் தண்ணீருக்கு மாஃபாத்து ஜனம் உங்களிடம் ரசீது நீட்டவில்லையே.

கரும்புக்காடு:
சரி சரி. தண்ணீரை ஒப்புக்கொள்கிறேன், ஹெலிகாப்டரை இல்லை.

வாத்தியாரம்மா:
இந்த இழையைப் படித்துவிட்டுச் சும்மா இருக்க முடியவில்லை. பணி தொடக்கத்தில் உள்ளே ஓர் இலேயில் பாடம் சொல்லிக் கொடுத்தவள் நான். எந்த இலே என்று சொல்ல மாட்டேன், அவ்வளவு சின்ன இடம், பெயர் சொன்னால் யார் வீட்டுப் பிள்ளை என்று தெரிந்துவிடும்.

ஹெலிகாப்டர், ஹெலிகாப்டர் என்கிறீர்களே, அது வருவதைப் பார்த்திருக்கிறீர்களா? வாராவாரம் மாமா வீட்டுக்கு வருகிற மாதிரி வராது. மேகம் விட்டால்தான் வரும். காலையிலிருந்து ஜனம் வானத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும். சத்தம் கேட்டதும் துணிக்கொடியில் இருப்பதை எல்லாம் உருவிக்கொண்டு ஓடுவார்கள், கோழிகள் எங்கேயோ ஒளிந்துகொள்ளும். அடியில் கயிற்றில் வலைப்பை தொங்கும், அதில் எரிவாயு சிலிண்டர், சிமெண்ட் மூட்டை, கோழித்தீவனம், பீர்ப்பெட்டி, யாரோ ஒருவரின் சலவை இயந்திரம். தரையைத் தொட்டதும் ஒருவர் குனிந்து ஓடிக் கொக்கியைக் கழற்றுவார், காலி சிலிண்டரும் குப்பைப் பையும் கட்டிய வலையை மாட்டுவார், ஒரு நிமிஷம்கூட ஆகாது, அது கிளம்பிவிடும். ஏனென்றால் நிமிஷத்துக்குக் காசு. அப்புறம் தூசு அடங்கும்வரை எல்லோரும் கண்ணைக் கசக்கிக்கொண்டு எண்ணுவார்கள்: வந்தது எது, வராதது எது. முட்டை உடையாமல் வந்தால் அன்றைக்குப் பேச்சே அதுதான். அங்கே கடையில் ஒரு கிலோ அரிசி வாங்கும்போது அரிசியோடு பறந்த காசையும் சேர்த்துத்தான் கொடுக்கிறார்கள், ஆகவே செலவை அவர்கள் ஏற்கவில்லை என்று சொல்வது எனக்குப் பிடிக்கவில்லை.

மின்சாரம் கூரையில் உள்ள சூரியத் தகட்டிலிருந்து. நாலு நாள் மூடாப்பாக இருந்தால் மாலையில் குளிர்பெட்டியா, விளக்கா என்று முடிவெடுக்க வேண்டும். அவரையும் பருப்பும் உலர்த்தி வைப்பது, இறைச்சியை அடுப்புப் புகையில் தொங்கவிடுவது எல்லாம் ஊர்ப்பெருமைக்காக இல்லை, தேவைக்காக.

சரி, நான் சொல்ல வந்தது பிள்ளைகளைப் பற்றி. ஆரம்பப்பள்ளி உள்ளே இருக்கிறது, ஒரே அறையில் மூன்று நாலு வகுப்பு. பதினொரு வயது ஆனதும் படிக்க உள்ளே கொல்லேழ் (நடுநிலைப்பள்ளி) கிடையாது, கீழே போக வேண்டும். விடுதி, இல்லாவிட்டால் கடற்கரையில் யாராவது சொந்தக்காரர் வீடு. வார இறுதியிலோ விடுமுறையிலோ நடந்து மேலே வருவார்கள், மழை பிடித்தால் அதுவும் இல்லை. என்னிடம் படித்த ஒரு பையன், ஆற்றில் எந்தக் கல் ஆடும், எது ஆடாது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வான், விடுதிக்குப் போன முதல் மாதம் சாலையைக் கடக்கப் பயந்து வாசலிலேயே நின்றானாம். அது பழகிவிடுகிறது. பழகிவிடுவதுதான் பிரச்சினை. பதினெட்டு வயதில் அவனுக்குக் கீழே நண்பர்கள், செல்பேசி, பெண்தோழி, ஒரு வேலைக்கான வாய்ப்பு. மேலே அப்பாவுக்குக் குத்தகை நிலமும் எட்டுக் கட்டிலும். எத்தனை பேர் திரும்புவார்கள்? ரோடு வருமா வராதா என்பதை விட எனக்கு இதுதான் பெரிய கேள்வி. ரோடு போட்டால் பிள்ளைகள் தங்குவார்கள் என்றால் சிலாவோஸிலிருந்து ஒருவரும் கடற்கரைக்கு இறங்கியிருக்கக் கூடாதே.

காரைக்கால் மாப்பிள்ளை:
அக்கா, இவ்வளவு விரிவாக எழுதியதற்கு நன்றி, மச்சானுக்கு உரக்கப் படித்துக் காட்டினேன். அவர் அடுத்த கேள்வியைத் தயாராக வைத்திருக்கிறார்: அங்கே நம் ஆட்கள் இருக்கிறார்களா?

சௌசௌக்கொடி:
தேடினால் மாமன் மச்சான் உறவில் ஒன்றிரண்டு கிடைக்கும், எங்கள் வீட்டுச் சம்பந்தம் மாதிரி. ஆனால் பொதுவாக இல்லை. நம்மவர்கள் ஒப்பந்தக் கூலிகளாக வந்தது கரும்புக்கு. 1848க்குப் பிறகுதான் பெருங்கூட்டம், 1882ல் ஆங்கிலேயர்கள் ஆள் அனுப்புவதை நிறுத்தும்வரை. ஐந்து வருட ஒப்பந்தம், தோட்டத்தைத் தாண்டிப் போகச் சீட்டு வேண்டும். அதனால்தான் கோயில்களும் ஆலைகளை ஒட்டியே நிற்கின்றன, சேன் தாந்த்ரே, சேன் போல், சேன் பியேர் என்று கடற்கரை நெடுக. மலைக்குள் கோயில் தேடாதீர்கள், உள்ளே இருப்பவை சின்னச் சின்ன மாதா கோயில்கள்.

ஆனால் சாப்பாட்டுக்கு உட்கார்ந்தால் மச்சான் குழம்பிவிடுவார். விறகடுப்பில் மஞ்சள் போட்ட கோழிக் கறி, பக்கத்தில் அவரை, தொட்டுக்கொள்ளப் பச்சைமிளகாய் இடித்த ருகாய், சௌசௌக் கொழுந்துக் கீரை. சௌசௌக் காயைக் கூட்டு வைக்கத் தெரிந்த நமக்கு அதன் கொழுந்தைத் தின்னத் தெரியாது, எங்கள் சலாசியில் கீரைதான் முதல், காய் அப்புறம். கொஞ்சம் காரம் கூடுதலாக வேண்டும் என்று சொல்லிப் பாருங்கள், சிரித்துக்கொண்டே கொடுப்பார்கள்.

குதிகால்:
அக்டோபரில் தியகொனால் தே ஃபூ என்ற மலை ஓட்டப் பந்தயம் ஓடுகிறவன் பேசுகிறேன். சேன் பியேரில் கிளம்பி சேன் தெனி ரெதூத் மைதானம் வரை, 160 கிலோமீட்டருக்கு மேல், 66 மணி நேரத்துக்குள் முடிக்க வேண்டும். மார்லாவை நான் பார்த்ததெல்லாம் பாதித் தூக்கத்தில்தான். நாங்கள் இருபது கிலோமீட்டருக்கே செத்துப் பிழைக்கிற பாதையில் இவ்ரின் போசே என்ற தபால்காரர் 1951லிருந்து 1991வரை கடிதப் பையோடு நடந்தார். வழியில் அவருக்கு யாரும் வாழைப்பழம் நீட்டவில்லை. பந்தயம் வருவதில் இலேக்காரர்களுக்கு லாபமா தொல்லையா என்று வாத்தியாரம்மாதான் சொல்ல வேண்டும்.

வாத்தியாரம்மா:
ரெண்டும். அந்த ரெண்டு மூன்று நாள் பிள்ளைகளுக்குத் திருவிழா, பள்ளிக்கூடத்தில் ஒரு வேலையும் நடக்காது. பந்தயத்தை யாரும் குறை சொல்லிக் கேட்டதில்லை. குறை சொல்வது தலைக்கு மேல் சுற்றிக் காட்டுகிற சுற்றுலா ஹெலிகாப்டர்களை. சாமான் கொண்டு வருகிற சத்தத்தைப் பொறுத்துக்கொள்கிறார்கள், தங்கள் முற்றத்தை எட்டிப் பார்த்துவிட்டுப் போகிற சத்தத்தைப் பொறுக்க முடியவில்லை. நியாயம்தானே, ஒரு ரொட்டிகூட இறக்கிவிட்டுப் போவதில்லை.

ஓய்வு இஞ்சினியர்:
வாத்தியாரம்மா சொன்ன பிள்ளைகள் விஷயம் மனதில் நிற்கிறது. ஆனாலும் ரெண்டு வரி என் பக்கம். எல்லாமா, இல்லை ஒன்றுமே இல்லையா என்று பேச வேண்டியதில்லை. கலே ஆற்றுப் படுகை வழியாக தெ ப்ரா என்ற இடம் வரை ஜீப் போகிறது, ஆறு பெருகினால் நின்றுவிடுகிறது. அந்த ஒரு துண்டைக் கொஞ்சம் நம்பகமாக வைத்தாலே ஓரேர், கயென், கிராண்ட் பிளாஸ் பக்கத்துக்காரர்களுக்குப் பாதிச் சுமை குறையும். சேன் தெனியில் 2022லிருந்து பாபாங் கயிற்றுக்கார் ஓடுகிறது, சாமானுக்கு மட்டும் சின்னதாக ஒரு கம்பிவடம் இழுத்தால் என்ன என்று இளம் இஞ்சினியர்கள் கேட்கலாம். தூண் நிற்க நல்ல பாறை கிடைக்குமா, பூங்கா அனுமதிக்குமா, அது வேறு சண்டை. இன்னொரு சிக்கலும் உண்டு: லா நுவேல், ஓரேர் எல்லாம் லா பொசெசியோன் மெரியின் (நகராட்சியின்) கீழ், ரோஷ் பிளாத்தும் மார்லாவும் சேன் போலின் கீழ். தங்கள் எல்லைக்குள் உள்ள ஊருக்குக் காரில் போக முடியாத ரெண்டு மேயர்கள், மேலே வனத்துறை, அதற்கு மேல் பூங்கா. ஒரு வடம் இழுக்க எத்தனை கையெழுத்து என்று நினைத்தாலே எனக்கு ஓய்வு பெற்றது நல்லதாகத் தோன்றுகிறது.

கரும்புக்காடு:
கம்பிவடம் என்றால் என் ஓட்டு உண்டு. ஹெலிகாப்டரை விடச் செலவு குறைவு.

சௌசௌக்கொடி:
அண்ணாவும் நானும் ஒரே பக்கம் நிற்கிற நாள் வரும் என்று நினைக்கவே இல்லை. ஆனால் முதலில் நிலம், அப்புறம் வடம்.

நடைக்கோல்:
மாப்பிள்ளை, கிளம்பும் முன் வனத்துறைத் தளத்தில் பாதை திறந்திருக்கிறதா என்று பாருங்கள். 2025 பிப்ரவரி 28ஆம் தேதி காரான்ஸ் புயல் அடித்துவிட்டுப் போனதற்கு அப்புறம், போன வருடம் நடந்த பாதைதானே என்ற நம்பிக்கையை நான் விட்டுவிட்டேன். தங்கும் இடத்தை முன்கூட்டியே பதிவு செய்யுங்கள், சாப்பாட்டையும் சேர்த்துச் சொல்லிவிடுங்கள், அவர்கள் அதற்கேற்பத்தான் அரிசி போடுவார்கள். ரொக்கம் கையில் இருக்கட்டும். ராத்திரி குளிரும், ஜூலை என்றால் நன்றாகவே குளிரும், மச்சானுக்கு ஸ்வெட்டர் இல்லையென்றால் யாரிடமாவது இரவல் வாங்குங்கள். முட்டிக்கு ரெண்டு கோல். ஒரு கோல் போதும் என்பார், கேட்காதீர்கள்.